பெயரில்லாப் பாட்டனார்: வில்லியம் ஹார்ட்னெல்லின் வாழ்வும் நடிப்பும்

கவியரங்கில் ஏறி நின்று பாடியவர் எவரும் அந்த ஒரு கணத்தை அறிவர். முந்தைய அடியைப் பாடி முடித்தாயிற்று. அவையும் கைதட்டி ஓய்ந்தாயிற்று. அடுத்த அடி மட்டும் நாவின் நுனிவரை வந்து நின்றுவிடுகிறது. கையில் தாள் உள்ளவர் குனிந்து பார்த்துக்கொள்ளலாம். தாளில்லாதவருக்கோ அக்கணம் ஓர் ஊழி. அச்சத்தை மறைத்துப் புன்னகைக்க வேண்டும். தொண்டையைச் செருமிக்கொள்ள வேண்டும். முன்னர்ச் சொன்ன அடியையே மீண்டும் எடுத்து விரித்து, அவையோர் அதனையும் ஒரு நயமெனக் கருதும்படி செய்தாக வேண்டும்.

இந்த அச்சத்தோடு மூன்றாண்டு காலம், வாரம் தவறாமல், படப்பிடிப்புக் கருவியின் முன் நின்ற ஒரு நடிகரின் வாழ்க்கையை நம் வட்டத்தின் பத்தாண்டு நிறைவு மலரில் எழுத விழைந்தேன். அவர் கவிஞரல்லர். ஆயினும் சொல்லை நம்பி வாழ்ந்தவர். அச்சொல் தம்மைவிட்டு ஒவ்வொன்றாக நழுவுவதைக் கண்டவர். நழுவிய பின்னும் தாம் ஏற்ற பாத்திரம் அழியாது நிலைபெறும் பேறு பெற்றவர். இங்கிலாந்து நாட்டுத் திரைப்படத்திலும் தொலைக்காட்சியிலும் நாற்பதாண்டுகள் குணச்சித்திர வேடங்கள் தாங்கிய வில்லியம் ஹார்ட்னெல்லே அவர்.

தந்தை பெயரற்ற குறிப்பு

1908-ஆம் ஆண்டு சனவரித் திங்கள் 8-ஆம் நாள், இலண்டன் மாநகரின் செயின்ட் பாங்கிராஸ் பகுதியில் வில்லியம் ஹென்றி ஹார்ட்னெல் பிறந்தார். தாயார் லூசி ஹார்ட்னெல் மணமாகாதவர். பிறப்புச் சான்றில் தந்தையின் பெயருக்குரிய இடம் வெற்றிடமாகவே விடப்பட்டது. அக்கால ஆங்கிலச் சமுதாயத்தில் அவ்வெற்றிடம் ஓர் அழியாத வடு. தாய் பிழைப்பைத் தேடிச் செல்ல, பிள்ளை வளர்ப்புத் தாயிடத்தும் உறவினரிடத்தும் வளர்ந்தது. தாய்வழி உறவினரின் பண்ணை டெவன் மாவட்டத்தில் இருந்தது. விடுமுறைக் காலங்களில் அங்கே சென்ற சிறுவன் குதிரையேற்றம் பயின்றான். அம்மண்ணின் மீது கொண்ட பற்று அவரை வாழ்நாள் முழுதும் விடவில்லை.

பின்னாளில் புகழ் வந்தபோது, தம்மைக் காண வந்த செய்தியாளரிடம் தாம் டெவன் மாவட்டத்துப் பழங்குடி ஒன்றில் பிறந்தவர் என்றே அவர் கூறிவந்தார். இல்லாத தந்தைக்கு ஒரு தொழிலையும் ஒரு மதிப்பையும் கற்பித்துக்கொண்டார். பொய்யென்று இதனை ஒதுக்கிவிடல் எளிது. தம் பிறப்பின் கதையைத் தாமே எழுதிக்கொள்ள வேண்டிய நிலையில் விடப்பட்ட ஒரு குழந்தை, முதுமை வரையில் அக்கதையைத் திருத்தித் திருத்தி எழுதிக்கொண்டிருந்தது என்று கொள்வதே பொருந்தும். தம் தந்தை யாரென்று அறிய அவர் முயன்றதுண்டு, விடை கிடைக்கவில்லை.

இவ்வுண்மைகளை வெளிக்கொணர்ந்தவர் அவருடைய பேத்தி ஜெஸிகா கார்னி. பாட்டனாரின் வாழ்க்கை வரலாற்றை அவர் 1996-இல் நூலாக வெளியிட்டார். பாட்டனார் மறைத்ததைப் பேத்தி பரிவோடு எடுத்துரைத்தார். பாட்டனும் பேத்தியும் என்னும் இவ்வுறவு இக்கதையில் பின்னரும் ஒருமுறை வரும்.

வளர்த்தெடுத்த கை

வறுமையிலும் குறும்பிலும் வளர்ந்த அச்சிறுவன் குத்துச்சண்டைப் பயிற்சிக் கூடம் ஒன்றில் காலம் கழித்து வந்தான். அங்கே அவனைக் கண்டெடுத்தவர் ஹ்யூ பிளேக்கர் என்னும் கலைப்பொருள் சேகரிப்பாளர். பாத் நகரத்து அருங்காட்சியகம் ஒன்றின் காப்பாளராக இருந்தவர். ஓவியம் காண்பதில் தேர்ந்த கண்ணர். வேல்ஸ் நாட்டு டேவிஸ் உடன்பிறந்தாளர் இருவர், தம் செல்வத்தைக் கொண்டு பிரெஞ்சு ஓவியங்களைத் திரட்டியபோது அவர்களுக்கு அறிவுரை கூறியவர். அவ்வோவியங்களே பின்னர்க் கார்டிப் நகரத்துத் தேசிய அருங்காட்சியகத்தின் செல்வமாயின. பிறர் கண்ணுக்குப் புலப்படாததைக் காணும் அக்கண், குத்துச்சண்டைக் கூடத்தின் வியர்வை நாற்றத்திடையே ஒரு சிறுவனிடத்தும் ஏதோ ஒன்றைக் கண்டது.

பிளேக்கர் அவனுக்குப் பாதுகாவலர் போலானார். குதிரையில் பற்றுடைய பிள்ளை என்பதால் பந்தயக் குதிரையோட்டியாகப் பயிற்சி பெற ஏற்பாடு செய்தார், அது நிலைக்கவில்லை. நற்பள்ளி ஒன்றில் சேர்த்தார். பிள்ளை அங்கும் நிலைக்கவில்லை. இறுதியில் நாடகத்தின் மீது இருவருக்கும் இருந்த நாட்டமே வழிகாட்டியது. இட்டாலியா கான்டி நடிப்புப் பள்ளியில் பயிற்சி கிடைத்தது. அதன்பின், 1925-ஆம் ஆண்டளவில், சர் பிராங்க் பென்சனின் நாடகக் குழுவில் அவர் சேர்ந்தார்.

பென்சன் சேக்சுபியர் நாடகங்களை ஊர்தோறும் கொண்டுசென்ற பெருமகனார். 1916-இல் சேக்சுபியர் மறைந்த முந்நூறாவது ஆண்டு விழாவில், ஜூலியஸ் சீசர் வேடம் கலையாத கோலத்திலேயே மன்னரிடம் சர் பட்டம் பெற்றவர். அவருடைய குழுவில் இளையவர் எவரும் முதலில் நடிகராகிவிட முடியாது. திரை இழுக்க வேண்டும். பொருள் சுமக்க வேண்டும். பிற்பகல் ஒத்திகைக்கு மேடையைத் துடைக்க வேண்டும். இரவில் கூட்டத்தில் ஒருவராக ஈட்டி ஏந்தி நிற்க வேண்டும். ஹார்ட்னெல் அவ்வாறே தொழில் கற்றார். சேக்சுபியரின் சொல் அவர் செவியில் அங்கேதான் விழுந்தது.

1929-இல் நடிகையும் பின்னாளில் நாடக ஆசிரியருமான ஹெதர் மக்கின்டயரை மணந்தார். மகள் ஒருத்தி பிறந்தாள். கணவரின் சினமும் குடிப்பழக்கமும் அவ்வில்லறத்தைப் பலமுறை சோதித்தன. எனினும் அவர் இறக்கும் வரையில் அது கலையவில்லை.

நகைச்சுவையிலிருந்து வன்மைக்கு

பிரித்தானியத் திரையரங்குகள் ஒரு குறிப்பிட்ட அளவு உள்நாட்டுப் படங்களைக் காட்டியே ஆகவேண்டும் என்று 1927-ஆம் ஆண்டுச் சட்டம் விதித்தது. சட்டத்தை நிறைவுசெய்யும் பொருட்டே விரைவாகவும் மலிவாகவும் எடுக்கப்பட்ட படங்கள் அந்நாட்டில் மலிந்தன. 1932-இல் தம் முதற்படத்தில் தோன்றிய ஹார்ட்னெல், அத்தகைய படங்கள் பலவற்றில் பில்லி ஹார்ட்னெல் என்னும் பெயரோடு நகைச்சுவை வேடங்களை ஏற்றார். தாம் நகைச்சுவை நடிகரென்றே அவர் தம்மைக் கருதிவந்தார். காலம் வேறு கருதியது.

இரண்டாம் உலகப்போர் மூண்டதும் கவசப் படையில் சேர்ந்தார். ஏறத்தாழ பதினெட்டுத் திங்களில் நரம்புத் தளர்ச்சியுற்றுப் படையிலிருந்து விடுவிக்கப்பட்டார். திரும்பி வந்தவருக்கு மற்றோர் அடி காத்திருந்தது. நோயல் கவர்ட் எடுத்த கடற்படைப் படமொன்றில் நல்ல வேடம் ஒன்று கிடைத்தது. முதல் நாளே காலந்தாழ்த்தி வந்தார். அனைவர் முன்னும் கண்டிக்கப்பட்டு, மன்னிப்புக் கேட்டும் பயனின்றி விலக்கப்பட்டார். அவ்வேடத்தில் உதவி இயக்குநரே நடித்துமுடித்தார். நேரத்தையும் ஒழுங்கையும் பற்றிப் பின்னாளில் பிறரிடம் அவர் காட்டிய கடுமைக்கு அந்நாளின் தழும்பும் ஒரு காரணமாகலாம்.

1944-இல் கரோல் ரீட் இயக்கிய 'தி வே அஹெட்' வெளியாயிற்று. குடிமக்களாய் இருந்தோரைப் படைவீரராக உருக்கி வார்க்கும் சார்ஜெண்ட் பிளெட்சராக ஹார்ட்னெல் அதில் தோன்றினார். படையிலே நிற்கவியலாது திரும்பியவர், படைக்கே இலக்கணமானவராகத் திரையில் நின்றார். இதனைப் பார்த்தவர்க்கு அந்த முரண் தெரிந்திராது. குரைப்பது போன்ற குரல், இறுகிய தாடை, எவரையும் நம்பாத சிறு கண்கள், இவற்றுக்கு அடியில் தம் பிள்ளைகளுக்காக அஞ்சும் ஒரு நெஞ்சு என்று அப்பாத்திரத்தை அவர் இரண்டு அடுக்காக அமைத்தார். நாடு அவரைக் கண்டுகொண்டது.

அடுத்த சில ஆண்டுகள் அவருக்கு வளமானவை. செய்யாத கொலைக்காகப் பதினைந்தாண்டு சிறையிருந்து மீள்பவராக 'மர்டர் இன் ரிவர்ஸ்' படத்திலும், திருடனாக 'அப்பாயின்ட்மென்ட் வித் கிரைம்' படத்திலும் தலைமை வேடங்களே ஏற்றார். 1947-இல் கிரகாம் கிரீனின் புதினத்தைத் தழுவிய 'பிரைட்டன் ராக்' வந்தது. அதில் இளம் கொடியவன் பிங்கியாக நடித்தவர் ரிச்சர்ட் அட்டன்பரோ. 1982-இல் காந்தியடிகளின் வாழ்வைத் திரைப்படமாக்கித் தந்தவர் என்று நாம் அறிந்த அதே பெருந்தகைதான். அவருடைய கூட்டாளியான டாலோவாக ஹார்ட்னெல் நடித்தார். அலட்டலின்றி, ஒரு கதவுச் சட்டத்தில் சாய்ந்து நிற்பதிலேயே அச்சத்தைப் பரப்பும் நடிப்பு அது.

ஒரே சட்டையின் சிறை

குணச்சித்திர நடிகருக்கு வெற்றியே விலங்காவதுண்டு. ஒருமுறை நன்றாகச் செய்த வேடத்தை உலகம் அவரிடம் மீண்டும் மீண்டும் கேட்கும். 1950-களில் ஹார்ட்னெல்லுக்கு நேர்ந்தது அதுவே. 1956-இல் 'பிரைவேட்ஸ் புராகிரஸ்' படத்தில் சார்ஜெண்ட். 1957-இல் தொடங்கிய 'தி ஆர்மி கேம்' என்னும் தொலைக்காட்சித் தொடரில் சார்ஜெண்ட் மேஜர் புல்லிமோர். 1958-இல் 'கேரி ஆன் சார்ஜெண்ட்' படத்தில் தலைப்புக்குரிய சார்ஜெண்டே அவர்தான். நெடிய 'கேரி ஆன்' நகைச்சுவைப் பட வரிசையின் முதற்படம் அது. படைவேடம் இல்லையென்றால் போலீசு அதிகாரி, அல்லது 'ஹெல் டிரைவர்ஸ்' படத்தில் வந்தது போன்ற ஈரமற்ற மேலாளர்.

வேலைக்குப் பஞ்சமில்லை. ஆயின் அடிமனத்தில் கசப்பு ஊறியது. சொன்ன சொல்லையே சொல்லி, குரைத்த குரலையே குரைத்து, தமக்குள் இருந்த மெல்லிய பகுதி வெளிப்படாமலே முதுமை வந்துவிடுமோ என்னும் ஏக்கம் அது. ஒரு பாடலால் புகழ்பெற்று, மேடைதோறும் அதே பாடலைக் கேட்கப்பெறும் கவிஞர்க்கு இவ்வேக்கம் புதிதன்று.

1963-இல் ஒரு சிறு வாயில் திறந்தது. லிண்ட்சே ஆண்டர்சன் இயக்கிய 'திஸ் ஸ்போர்ட்டிங் லைப்' படத்தில் ரக்பி ஆட்டத்துக்கு ஆள் தேடும் நலிந்த கிழவராக அவர் வந்தார். இளைஞன் ஒருவனுக்கு வாழ்வு தேடித் தந்துவிட்டு, பின் அவனாலேயே ஒதுக்கப்படும் சிறிய வேடம். படையுடுப்பில்லை, குரைப்பில்லை, தேவைப்படாதவனாகிவிட்ட ஒரு முதியவனின் தயக்கம் மட்டுமே. படம் முழுவதிலும் சில காட்சிகளே வரும் அம்முகத்தை ஓர் இளம்பெண் கூர்ந்து நோக்கினார்.

பெயரில்லாத ஒருவர்

அப்பெண் வெரிட்டி லாம்பெர்ட். பிபிசி நிறுவனத்தின் நாடகப் பிரிவில் அந்நாளில் இருந்த ஒரே பெண் தயாரிப்பாளர், வயது இருபத்தேழு. சனிக்கிழமை மாலைகளில் பிள்ளைகளும் பெற்றோரும் சேர்ந்து காணத்தக்க தொடரொன்றை, நாடகப் பிரிவின் தலைவரான கனடா நாட்டவர் சிட்னி நியூமன் அவரிடம் ஒப்படைத்திருந்தார். காலத்தினூடே பயணம் செய்யும் முதியவர் ஒருவர், அவருடைய பேத்தி, அவர்களோடு அகப்பட்டுக்கொள்ளும் பள்ளி ஆசிரியர் இருவர், பழைய வரலாற்றையும் அறிவியலையும் கதைப்போக்கில் பிள்ளைகளுக்குச் சொல்லித்தருவது நோக்கம். முதியவருக்குப் பெயரில்லை; டாக்டர் என்று மட்டுமே அழைக்கப்படுவார். தொடரின் பெயரும் அவ்வினாவே: 'டாக்டர் ஹூ'.

முதற்கதையை இயக்க அமர்த்தப்பட்டவர் இலக்னோவில் பிறந்த வாரிஸ் உசேன். ஓர் இளம்பெண்ணும் ஓர் இந்திய இளைஞரும் ஹார்ட்னெல்லைக் காணச் சென்றனர். இங்கே ஓர் உண்மையை மறைத்தல் தகாது. தம் தலைமுறை ஆங்கிலேயர் பலரைப் போலவே ஹார்ட்னெல்லும் பிற இனத்தாரைப் பற்றிக் குறுகிய எண்ணங்கள் உடையவர் என்பதை உடன் பணிசெய்தோர் பலர் பதிவு செய்துள்ளனர். முன்கோபியுமாவார். அத்தகையவருக்கு அவர் வாழ்வின் தலையாய வேடத்தைக் கொண்டுவந்து தந்தவர்கள், அவருடைய எண்ணங்கள் எவரை ஐயுற்றனவோ அத்தகையோரே. மருமகனே அவருக்குத் தொழில் முகவராக இருந்தார், அவரும் ஊக்கினார். ஹார்ட்னெல் தயங்கினார், பின்னர் இசைந்தார். வெரிட்டி லாம்பெர்ட்டிடம் அவர் கொண்ட நம்பிக்கை நாளடைவில் பெரிதும் வளர்ந்தது. 1965-இல் அவர் தொடரைவிட்டுச் சென்றபோது மிகவும் தனிமையுற்றார்.

முதற்பகுதி 1963 நவம்பர் 23 அன்று ஒளிபரப்பானது. அதற்கு முந்தைய நாள்தான் அமெரிக்க அதிபர் கென்னடி சுட்டுக்கொல்லப்பட்டார். துயரச் செய்தியில் உலகம் ஆழ்ந்திருந்ததால், அடுத்த வாரம் அப்பகுதியை மீண்டும் ஒருமுறை காட்டிவிட்டே இரண்டாம் பகுதியைக் காட்டினர். டிசம்பரில் டாலெக் என்னும் உலோகக் கூட்டுயிர்கள் திரையில் உருண்டு வந்தன. நாட்டுப் பிள்ளைகள் அனைவரும் தொலைக்காட்சிப் பெட்டியின் முன் கூடினர்.

வெண்ணிறப் பொய்ம்முடி, பழங்காலக் கோட்டு, கைத்தடி, மேற்சட்டை மடிப்பைப் பற்றிய விரல்கள். ஐம்பத்தைந்து வயதுக்காரர் நூற்றாண்டுகள் கண்ட கிழவராகிவிட்டார். தொடக்கத்தில் அக்கிழவர் கடுகடுத்தவர், சூழ்ச்சி உடையவர், எவரிடமும் பற்றில்லாதவர். வாரங்கள் செல்லச் செல்லக் குறும்பும் கனிவும் தலைகாட்டின. பழைய நகைச்சுவை நடிகர், பழைய சார்ஜெண்ட், ரக்பிக் கிழவர் மூவரும் ஓருருவில் கூடினர். தந்தை யாரென்று அறியாத மனிதர் ஒரு நாட்டுப் பிள்ளைகளுக்கெல்லாம் பாட்டனாரானார். விழாக்களைத் திறந்துவைக்க வேடத்தோடே சென்றார். பிள்ளைகள் பின்தொடர்ந்து ஓடினர். அவருக்கு அதைவிடப் பெரிய விருது எதுவும் தேவைப்படவில்லை.

அவ்வேடத்தை அவர் விளையாட்டாகக் கொள்ளவில்லை. காலக்கப்பலின் கட்டுப்பாட்டு மேடையில் எந்தப் பொத்தான் கதவைத் திறக்கும், எந்த நெம்புகோல் கப்பலைக் கிளப்பும் என்று தமக்குள் ஓர் ஒழுங்கு வகுத்துக்கொண்டார். வாரந்தோறும் அதனைப் பிழையாது கடைப்பிடித்தார். பெரியவர்கள் கவனிக்காமல் விடலாம், பிள்ளைகள் கவனிப்பர் என்பது அவர் உறுதி.

1964 டிசம்பர் 26 அன்று வந்த பகுதியில் பேத்தியாக நடித்தவர் தொடரிலிருந்து விடைபெற்றார். தம்மை விட்டுப் போக மனமில்லாத பேத்தியின் நல்வாழ்வை எண்ணி, கப்பலின் கதவை உள்ளிருந்தே தாழிட்டுக்கொண்டு, வெளியே நிற்பவளிடம் பாட்டனார் விடைபெறும் காட்சி அது. அதில் ஒரு சொல் தடுமாறவில்லை. ஒரு கையசைவு மிகவில்லை. சார்ஜெண்ட் வேடங்களுக்குள் இத்தனை காலம் அடைபட்டுக் கிடந்தது எது என்பதை அன்று நாடு கண்டது.

வெள்ளிக்கிழமை மாலைகள்

அக்காலத் தொலைக்காட்சி நாடகம் இயங்கிய முறையை இங்கே சொல்லவேண்டும். திங்கள் முதல் வியாழன் வரை ஒத்திகை. வெள்ளி மாலை ஒளிப்பதிவு. லைம் குரோவ் என்னும் பழைய படப்பிடிப்பு நிலையத்தின் வெம்மை மிகுந்த சிறு கூடத்தில், ஏறத்தாழ மேடை நாடகம் போலவே தொடர்ச்சியாகப் பதிவு நடக்கும். நாடாவை வெட்டி ஒட்டுதல் செலவும் சிக்கலும் நிறைந்தது என்பதால் சிறு பிழைக்காக எவரும் நிறுத்தமாட்டார்கள். தடுமாறிய சொல் தடுமாறியபடியே வீடுகளுக்குச் செல்லும். ஆண்டில் பெரும்பாலான வாரங்களில் இதுவே நடைமுறை. மூன்றாண்டுகளில் 130-க்கும் மேற்பட்ட பகுதிகள்.

அறிவியற் சொற்களும் நீண்ட விளக்கங்களும் நிறைந்த உரையாடல் பெரும்பாலும் அவருடையதே. இந்நிலையில் தமனி இறுக்கம் என்னும் நோய் அவரைப் பற்றியது. குருதிக் குழாய்கள் கெட்டிப்பட்டு மூளைக்குச் செல்லும் ஓட்டம் குறைய, முதலில் நழுவுவது நினைவு. சொற்கள் இடம் மாறின; தொடங்கிய வாக்கியம் வேறெங்கோ சென்று முடிந்தது. அவர் செய்தது என்ன தெரியுமா? தடுமாற்றத்தைப் பாத்திரத்துக்கே உரியதாக்கிக்கொண்டார். எண்ணத்தில் ஆழ்ந்த கிழவரின் முணுமுணுப்பாக, சிறு செருமலாக, திடீர்ச் சிரிப்பாக, இளையவரின் பெயரை மாற்றிச் சொல்லும் குறும்பாக அதனை மாற்றினார். எது நடிப்பு, எது நோய் என்று இன்றளவும் பிரித்தறிய முடியாதபடி இரண்டும் பின்னிக் கிடக்கின்றன.

1966-இல் வந்த 'தி மாசக்கர்' என்னும் கதை 1572-ஆம் ஆண்டுப் பாரிஸ் படுகொலையைப் பற்றியது. அதில் டாக்டரைப் போன்றே உருவுடைய கொடிய துறவித் தலைவர் வேடமும் அவருக்கே. அத்துறவியின் பேச்சில் பாட்டனாரின் தடுமாற்றம் சிறிதும் இல்லை. தளர்ந்த உடலிலும் தேர்ந்த நடிகர் உறங்கிவிடவில்லை என்பதற்கு அது சான்று.

ஆனால் நோய் வளர்ந்தது, சினமும் வளர்ந்தது. பழைய தோழர் ஒவ்வொருவராக விலகினர். புதிய தயாரிப்பாளர்கள் வந்தனர். அவர் மட்டுமே பழையவராக எஞ்சினார்.

கூடு விட்டுக் கூடு

1966-இல் அவர் தொடரிலிருந்து நீங்குவதென முடிவாயிற்று. தாமே விலகினாரா, விலக்கப்பட்டாரா என்று பலரும் பலவாறு எழுதியுள்ளனர். அவர் உடல் இனித் தாங்காது என்பது மட்டும் தெளிவு. கடைசிக் கதையான 'தி டென்த் பிளானெட்' பதிவாகும்போதும் ஒரு வாரம் நோயுற்று வரவியலாது போயிற்று.

தலைமை நடிகர் போய்விட்டால் தொடர் முடியவேண்டும். அல்லது அவரைப் போன்ற தோற்றமுடைய ஒருவரைத் தேடவேண்டும். தயாரிப்பாளர்கள் இரண்டையும் செய்யவில்லை. முதியவர் தளர்ந்து தம் கப்பலுக்குள் வீழ்கிறார். முகத்தில் ஒளி பரவி உருவம் வெளுக்கிறது. ஒளி தணிந்தபோது அங்கே கிடப்பவர் வேறொருவர். 1966 அக்டோபர் 29 அன்று நாடு அதனைக் கண்டது. புதியவர் பாட்ரிக் டிரவுட்டன். முகம் வேறு, குரல் வேறு, நடை வேறு. ஆயினும் அவர் அவரே. நம் சித்தர் மரபு கூடுவிட்டுக் கூடு பாய்தல் என்று பெயரிட்டு வைத்திருப்பதை, இலண்டன் நகரத்துத் தொலைக்காட்சியார் ஒரு நடிகரின் நோய்க்கு மருந்தாகக் கண்டுபிடித்தனர் எனலாம்.

கலையுலகில் இதனை நிகர்த்த நிகழ்வு அரிது. ஒரு மனிதரின் நினைவு அழிந்தமையால்தான் அப்பாத்திரம் அழியாமை பெற்றது. அவர் நலமாக இருந்திருந்தால், இன்னும் இரண்டோர் ஆண்டு நடந்து, மற்றத் தொடர்களைப் போலவே இதுவும் ஓய்ந்திருக்கும். அவர் வீழ்ந்ததே வழியாயிற்று. அவ்வழியில் பின்வந்த நடிகர் பலர். 2017-இல் ஒரு பெண்ணும் அவ்வேடத்தை ஏற்றார்.

இறுதி நாட்கள்

தொடரைவிட்டு நீங்கியதும் அவ்வாண்டுக் குளிர்காலத்தில் பிள்ளைகளுக்கான பாண்டமைம் நாடகமொன்றில் மேடையேறினார். பின்னர் ஓரிரு தொலைக்காட்சி நாடகங்களில் விருந்தினர் வேடம். வாய்ப்பு அருகியது, சொல் மேலும் நழுவியது.

1972-இல் தொடரின் பத்தாவது ஆண்டையொட்டி மூன்று டாக்டர்களையும் ஒருங்கே காட்டும் கதை எழுதப்பட்டது. மகிழ்ச்சியோடு ஒப்புக்கொண்டார். ஆனால் ஒத்திகைக்கு நிற்கவோ, கூடத்தில் நடக்கவோ அவரால் இயலாது என்பது விரைவிலேயே புலப்பட்டது. கதையை மாற்றினார்கள். காலச்சுழலில் அகப்பட்டவராக அவரை ஓர் இருக்கையில் அமர்த்தித் தனியே படமெடுத்தனர். பேச வேண்டியதைப் பலகையில் எழுதிப் பிடித்தனர், பார்த்துப் படித்தார். மற்ற இருவரும் கூடத்தில் நிற்க, முதல்வர் மட்டும் ஒரு சிறு திரைக்குள்ளிருந்து அவர்களைக் கடிந்துகொள்ளும் காட்சியாக அது அமைந்தது. 1973 சனவரியில் நிறைவுற்ற அக்கதையே அவர் நடித்த கடைசிப் படைப்பு. நினைவிலிருந்து பாடும் ஆற்றல் போய்த் தாளைப் பார்த்துப் படிக்கும் நிலைக்கு வந்தாலும், குரலில் பழைய அதிகாரம் அப்படியே இருந்தது.

1974 டிசம்பரில் மருத்துவமனை சேர்ந்தார்; அதன்பின் வீடு திரும்பவில்லை. 1975 ஏப்ரல் 23 அன்று உறக்கத்திலேயே உயிர் பிரிந்தது. வயது அறுபத்தேழு. சேக்சுபியர் மறைந்த நாளும் ஏப்ரல் 23-தான். பென்சன் குழுவில் ஈட்டி ஏந்தித் தொடங்கிய வாழ்வு அந்நாளிலேயே முடிந்தது.

எஞ்சியது

அவர் நடித்த பகுதிகள் பல இன்று இல்லை. நாடா விலை மிகுந்த அக்காலத்தில் பழையனவற்றை அழித்துப் புதியன பதிவது நிறுவனத்தின் நடைமுறை. மறுபடியும் எவர் பார்க்கப்போகிறார் என்று எண்ணினர். செல்லுக்கும் நெருப்புக்கும் ஏடுகளைக் கொடுத்த நாம் அவர்களைப் பெரிதும் குறைகூற இயலாது. அவருடைய கடைசிப் பகுதியும் அவ்வாறு மறைந்தவற்றுள் ஒன்று. உருமாறும் அச்சில நொடிகள் மட்டும், பிள்ளைகள் நிகழ்ச்சி ஒன்றில் எடுத்துக் காட்டப்பட்டமையால் தப்பின. 'தி மாசக்கர்' கதையின் நான்கு பகுதிகளுள் ஒன்றேனும் எஞ்சவில்லை.

ஆயினும் குரல் எஞ்சியது. அந்நாளில் சில இளம் நேயர்கள் தம் வீட்டு ஒலிப்பதிவுக் கருவியைத் தொலைக்காட்சிப் பெட்டியருகே வைத்து ஒவ்வொரு பகுதியையும் பதிந்துவைத்தனர். எவரும் கேட்டுச் செய்ததன்று, அன்பினால் செய்தது. அழிந்த பகுதிகள் அனைத்தின் ஒலியும் அவ்வாறே நமக்குக் கிடைத்துள்ளது. முகம் மறைந்த பகுதிகளில் அத்தடுமாறும் குரல் மட்டும் இருளில் நடந்து வருகிறது.

1983-இல் தொடரின் இருபதாம் ஆண்டுக் கதையில் முதல் டாக்டராக வேறொரு நடிகர் நடித்தார். ஆனால் அக்கதையின் தொடக்கத்தில், பேத்தியிடம் விடைபெறும் அந்தப் பழைய காட்சியிலிருந்து ஒரு பகுதியை வைத்தனர். கதவுக்கு இப்புறம் நின்று, என்றேனும் ஒருநாள் திரும்பி வருவதாகச் சொல்லும் பாட்டனார் அங்கே மீண்டும் தோன்றினார். ஹார்ட்னெல் இறந்து எட்டாண்டுகள் ஆகியிருந்தன. 2013-இல் பொன்விழாவின்போது அவர் வாழ்க்கையே தொலைக்காட்சி நாடகமாயிற்று. டேவிட் பிராட்லி என்னும் முதுபெரும் குணச்சித்திர நடிகர் அவராக நடித்தார். நான்காண்டுகள் கழித்து அதே பிராட்லி தொடரிலேயே முதல் டாக்டராகவும் வந்தார்.

நல்ல மனிதர் என்று அவரைப் புகழ்ந்துரைக்க நான் முற்படவில்லை. குறைகள் பல உடையவர். தம் பிறப்பைக் குறித்து உண்மை சொல்லத் துணியாதவர். ஆனால் மேடையேறியபின் பின்வாங்காதவர். சொல் கைவிட்டபோதும் அவையைக் கைவிடவில்லை. பொத்தானைத் தவறாக அழுத்திவிட்டால் எங்கோ ஒரு வீட்டில் ஒரு குழந்தைக்குத் தெரிந்துவிடும் என்ற கவலை, நோயுற்ற நாட்களிலும் அவரை விட்டகலவில்லை.

பத்தாண்டுகளாக நாம் கூடிக் கவிதை படிக்கிறோம். நம்முள் சிலர் தாள் பார்க்காமல் பாடியவர்கள். இப்போது தாள் பார்க்கிறோம். இன்னும் சிலர் தாளைப் பிறர் பிடிக்கப் பாடும் நாளும் வரும். அந்நாள் வரும்போது, வெம்மை மிகுந்த சிறு கூடத்தில் வெள்ளிக்கிழமை மாலையில் தொண்டையைச் செருமிக்கொண்டு நின்ற அக்கிழவரை நினைத்துக்கொள்வோம். மறந்த அடியைத் தேடி அவர் நின்ற இடைவெளியையும் சேர்த்தே அவர் நேயர்கள் பதிந்துவைத்தார்கள்.